சுருக்கமும் முக்தஸரும்: ஒரு சொல்லாய்வு

முன்னுரை

பெரியதொரு நூலின் பொருளைச் சிறிய அளவில் எடுத்துரைக்கும் ஆக்கத்தைத் தமிழில் சுருக்கம் என்கிறோம். கதைச்சுருக்கம், உரைச்சுருக்கம், ஆய்வுச்சுருக்கம் என இச்சொல் கல்லூரிகளில் நாள்தோறும் வழங்குகின்றது. நம் முன்னோர் இப்பொருளிலும் இதற்கு அணித்தான பொருள்களிலும் தொகை, பொழிப்பு, காண்டிகை, சின்னூல், சங்கிரகம் எனப் பல சொற்களை ஆண்டுள்ளனர். அரபு மொழியில் முக்தஸர், குலாஸா என்னும் சொற்கள் இப்பொருளைத் தருகின்றன. இச்சொற்களின் பிறப்பையும் பொருளையும் ஆராய்ந்து, ஒரு நூலைச் சுருக்குதல் என்றால் என்ன என்பதைத் தெளிதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இஃது அகராதியோடு முடியும் ஆராய்ச்சியன்று. பாடமாக வைக்கப்பட்ட புதினத்தைத் திறந்தும் பாராமல், அதன் கதைச்சுருக்கத்தை மட்டும் மனப்பாடம் செய்து தேர்வெழுதும் மாணவரை இன்று எல்லாக் கல்லூரிகளிலும் காண்கிறோம். கைப்பேசியிடம் கேட்டால் எந்த நூலுக்கும் நொடிப்பொழுதில் ஒரு சுருக்கம் கிடைக்கும் காலம் வந்துவிட்டது. எனவே நல்ல சுருக்கம் எது, பொல்லாச் சுருக்கம் எது எனப் பகுத்தறிவது கற்பார்க்கும் கற்பிப்பார்க்கும் இன்றியமையாததாகிறது. அதற்கான அளவுகோல் அச்சொற்களிலேயே அமைந்துள்ளது என்பது நம் கருத்து.

சுருக்கு என்னும் சொல்

சுருங்கு, சுருக்கு, சுருள், சுருட்டு என்பன ஒரு குடும்பத்துச் சொற்கள். விரிந்து கிடக்கும் பொருள் தன்னுள் தானே ஒடுங்குதலை இவை உணர்த்துகின்றன. பாயைச் சுருட்டுகிறோம், கோரை ஒன்றும் குறைவதில்லை. நம் பாட்டிமார் இடுப்பில் செருகியிருந்த சுருக்குப்பையை நினைத்துப் பார்க்கலாம். கயிற்றை இழுத்தால் பையின் வாய் ஒடுங்கும். உள்ளிருக்கும் காசும் பாக்கும் உள்ளேயே இருக்கும். வேண்டியபோது அவிழ்த்தால் பை பழையபடி விரியும். ஆக, சுருக்குதல் என்னும் சொல் அளவின் ஒடுக்கத்தைக் குறிக்கின்றதேயன்றிப் பொருளின் இழப்பைக் குறிக்கவில்லை.

இதனோடு குறைத்தல் என்னும் சொல்லை ஒப்பிடுக. பழந்தமிழில் குறைத்தல் என்பதற்கு வெட்டுதல் என்பதே பொருள். வெட்டிய இறைச்சித் துண்டத்தைச் சங்கப் புலவர் குறை என்றே வழங்கினர். வெட்டுண்டது மீண்டும் ஒட்டாது. இக்காலத்தில் சுருக்குதலையும் குறைத்தலையும் நாம் ஒன்றாகவே வழங்கிவிடுகிறோம். சொற்பிறப்பை நோக்க இரண்டும் வெவ்வேறு செயல்களாகும். பட்டு நெசவால் பெயர்பெற்ற நம் ஆரணி மக்களுக்கு இதனை விளக்கவேண்டுவதில்லை. நெய்த புடவையை மடித்தால் அது கைக்குள் அடங்கும். இழைகளை உருவினால் அது சிறிதாகாது, சிதைந்துபோகும்.

மேலை நாட்டுச் சொற்களில் வேறொரு போக்கைக் காண்கிறோம். சுருக்க நூலைக் குறிக்கும் எபிடோமி என்னும் கிரேக்கச் சொல் வெட்டுதல் என்னும் வினையடியாகப் பிறந்தது. ஆங்கில வகுப்புகளில் வழங்கும் பிரெஞ்சுச் சொல்லாகிய பிரெசி என்பதும் துண்டித்தல் என்னும் பொருளுடைய இலத்தீன் வினையிலிருந்து வந்ததே. அங்கே வெட்டுதல் அடிப்படையாயிற்று. தமிழில் ஒடுக்குதல் அடிப்படையாயிற்று.

தொகையும் சங்கிரகமும்

நூலைச் சுருக்குதலுக்குத் தமிழிலக்கணம் தந்த பழம்பெயர் தொகுத்தல் என்பதாகும். முதனூலின் வழியே தோன்றும் வழிநூலைத் தொல்காப்பிய மரபியல் நால்வகையாகப் பிரிக்கிறது. விரிந்ததைத் தொகுத்தல், தொகுத்ததை விரித்தல், தொகையும் விரியுமாகச் செய்தல், மொழிபெயர்த்தல் என்பன அவை. இவற்றுள் முதலிடம் பெறுவது தொகுத்தலே. தொகு என்றால் ஒன்றுசேர். சிதறிக் கிடப்பவற்றை ஓரிடத்தில் திரட்டுதலே தொகை. வடமொழியின் சங்கிரகம் என்னும் சொல்லும் நன்கு சேர்த்துப் பற்றுதல் என்றே பொருள்படும். அன்னம்பட்டர் இயற்றிய தருக்க சங்கிரகத்தைச் சிவஞான முனிவர் தமிழில் தந்தபோது இச்சொல்லும் தமிழ் மாணாக்கர்க்குப் பழக்கமாயிற்று.

தொகை என்பதற்கு இலக்கணத்தில் மற்றொரு பொருளும் உண்டு. பட்டுப்புடவை என்னும் தொடரைக் காண்க. பட்டால் ஆகிய புடவை என்பது இதன் விரிவு. ஆல் என்னும் உருபும், ஆகிய என்னும் பயனும் மறைந்து நிற்கின்றன. இதனை மூன்றாம் வேற்றுமை உருபும் பயனும் உடன்தொக்க தொகை என்கிறோம். மறைந்தவை தொலைந்தவை அல்ல. கேட்பவன் அவற்றைத் தானே வருவித்துக்கொள்கிறான். அவ்வாறு வருவிக்க இயலாத இடத்தில் அது தொகையாகாது.

சுருக்க நூலுக்கும் இதுவே அளவுகோல் எனலாம். விடுபட்டவற்றை மூலத்திலிருந்து மீட்டுக்கொள்ள வழிகாட்டும் சுருக்கமே தொகை. அவ்வழியை அடைத்துவிடும் சுருக்கம் வெறுங்குறை.

அழகும் குற்றமும்

பவணந்தி முனிவர் தம் நன்னூலின் பாயிரத்தில் நூலுக்குரிய பத்து அழகுகளையும் பத்துக் குற்றங்களையும் வகுத்துரைக்கிறார். அழகுகளுள் முதலாவதாக அவர் வைப்பது சுருங்கச் சொல்லல். குற்றங்களுள் முதலாவதாக வைப்பது குன்றக் கூறல். இவ்விரண்டும் தத்தம் பட்டியலின் தலைப்பில் நிற்பது நம் கருத்தை ஈர்க்கின்றது. மேலோட்டமாகப் பார்ப்பவர்க்கு இரண்டும் ஒன்றாகவே தோன்றும். இரண்டிலும் சொற்கள் சில. ஆயினும் ஒன்று நூலின் முதல் அழகு. மற்றொன்று நூலின் முதல் குற்றம்.

வேறுபாடு யாது? சொல் சிலவாகவும் பொருள் நிறைவாகவும் இருப்பின் அது சுருங்கச் சொல்லல். சொல்லோடு பொருளும் தேய்ந்துபோயின் அது குன்றக் கூறல். அதனாலேயே பவணந்தியார் சுருங்கச் சொல்லுதலை அடுத்து விளங்க வைத்தலை இரண்டாம் அழகாக வைத்தார் எனக் கொள்ளலாம். விளங்காத சுருக்கம் அழகாகாது. சூத்திரத்தை விளக்குமிடத்தும் அவர் கண்ணாடியை உவமை காட்டுகிறார். சிறு கண்ணாடியினுள் பெரிய உருவமும் முழுமையாகத் தோன்றுவதுபோலச் சிலவாகிய எழுத்துகளில் பலவாகிய பொருள் செறிந்து தோன்றவேண்டும் என்பது அவர் கொள்கை. கண்ணாடி, உருவத்தின் ஒரு பாதியைக் காட்டி மறுபாதியை விட்டுவிடுவதில்லை.

நன்னூல் காட்டும் நெறி

நன்னூலே இந்நெறிக்குச் சிறந்த சான்று. மூன்றாம் குலோத்துங்கன் காலத்துச் சிற்றரசனாகிய சீயகங்கன் வேண்ட, பவணந்தியார் இதனை இயற்றினார் எனச் சிறப்புப்பாயிரம் தெரிவிக்கிறது. முன்னோர் நூற்பொருளைத் தொகை, வகை, விரி என்னும் முறையில் தருமாறு அவன் வேண்டினான் என்பதும் அதனால் அறியப்படும். தொல்காப்பியத்தில் எழுத்துக்கும் சொல்லுக்கும் 900க்கும் மேற்பட்ட நூற்பாக்கள் உள்ளன. நன்னூலில் பாயிரம் 55, எழுத்து 202, சொல் 205 என மொத்தம் 462 நூற்பாக்கள் அமைந்துள்ளன. பாயிரம் நீங்கலாக நோக்கின், பாதிக்கும் குறைந்த அளவில் அவ்விரு அதிகாரப் பொருள்களும் அடங்கியுள்ளன.

தொகை, வகை, விரி என்பதற்கு நன்னூலிலிருந்தே ஓர் எடுத்துக்காட்டுக் காட்டலாம். எழுத்து முதல், சார்பு என இரண்டாம் என்பது தொகை. சார்பெழுத்துப் பத்து என்பது வகை. அப்பத்தும் 369 ஆகும் என்பது விரி. தொகையை மட்டும் கற்றவன் மேலே செல்லப் படி இருக்கின்றது. விரியில் திகைப்பவன் தொகைக்குத் திரும்பவும் வழி இருக்கின்றது. நல்ல சுருக்கம் இவ்வாறு ஏறவும் இறங்கவும் படிக்கட்டாக அமைவது.

இன்னொன்றும் நோக்கத்தக்கது. பவணந்தியார் சுருக்கியதோடு நின்றாரல்லர். தொல்காப்பியத்தில் தனி இயலாக இல்லாத பதவியலைப் புதிதாகச் சேர்த்தார். பகுதி, விகுதி, இடைநிலை, சாரியை, சந்தி, விகாரம் எனப் பகுபதத்தைப் பிரித்துக் காணும் முறையை இன்றும் ஒவ்வொரு பள்ளி மாணவனும் அவ்வியலின் வழியே கற்கிறான். மூலத்தை முற்றும் செரித்தவனே அதனைச் சுருக்கவும், அதில் இல்லாததைச் சேர்க்கவும் வல்லவனாகிறான்.

நன்னூலைப் போன்றே மூன்றாம் குலோத்துங்கன் காலத்ததாகக் கருதப்படும் மற்றொரு சமண இலக்கணம் நேமிநாதம். குணவீர பண்டிதர் தென்மயிலை நேமிநாதர் பெயரால் இதனை இயற்றினார். ஆரணியை அடுத்துப் போளூர் வட்டத்தில் உள்ள திருமலையில் ஏறத்தாழ 16 அடி உயரத்தில் நிற்கும் சிலையும் அதே நேமிநாதருடையதே. எழுத்தையும் சொல்லையும் ஏறத்தாழ நூறு வெண்பாக்களில் அடக்கிய இந்நூலுக்குச் சின்னூல் என்றொரு பெயர் வழங்கலாயிற்று. சுருக்க நூலுக்குத் தூய தமிழில் இத்துணை எளிய பெயர் பிறிதில்லை.

ஆயினும் சின்ன என்னும் அடைமொழியைக் கண்டவுடன் சுருக்கம் என முடிவுசெய்தலும் ஆகாது. உமறுப்புலவரின் சீறாப்புராணம் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் வரலாற்றை முற்றும் பாடி முடிக்கவில்லை. எஞ்சிய வரலாற்றைப் பனீ அகமது மரைக்காயர் பாடினார். அந்நூல் சின்னச் சீறா எனப்படுகிறது. அது பெரிய சீறாவின் சுருக்கமன்று, தொடர்ச்சியே.

முக்தஸர், குலாஸா

இனி அரபுச் சொற்களைக் காண்போம். முக்தஸர் என்பது சுருக்கப்பட்டது எனப் பொருள்படும். இதன் வேர், இடுப்பைக் குறிக்கும் ஃகஸ்ர் என்னும் சொல்லோடு உறவுடையது. இடுப்பு உடலின் ஒடுங்கிய பகுதி. ஆயினும் மேலுடலையும் கீழுடலையும் இணைப்பது அதுவே. இவ்வேரிலிருந்து பிறந்த இக்திஸார் என்னும் சொல், ஓரிடத்தை அடைய மிக அண்மையான வழியைப் பற்றுதலையும் குறிக்கும் என அரபு அகராதிகள் கூறும். வழி சிறிதாயினும் சேருமிடம் மாறுவதில்லை. இச்சொல் சிற்றேடுகளுக்கு மட்டும் உரியதன்று. இமாம் புகாரி (இறப்பு 870) அவர்களின் ஹதீஸ் பெருந்தொகுப்பினுடைய முழுப்பெயரிலும் முக்தஸர் என்னும் சொல் இடம்பெற்றுள்ளது.

குலாஸா என்னும் சொல் தூய்மையடைதலைக் குறிக்கும் வேரிலிருந்து வந்தது. வெண்ணெயை உருக்கிக் கசடு நீக்கியபின் எஞ்சும் தெளிந்த நெய்யை அரபியர் குலாஸா என்றனர். உள்ளத் தூய்மையைக் குறிக்கும் இக்லாஸ் என்னும் சொல்லும் இவ்வேரினதே. எனவே சாரத்தைப் பிரித்தெடுப்பவனுக்குத் திறமையோடு நேர்மையும் வேண்டும் என்பதை இவ்வுறவு நமக்கு நினைவூட்டுகிறது.

பயணத்தில் தொழுகையைச் சுருக்குதலைக் கஸ்ர் என்கிறோம். தமிழெழுத்தில் ஒத்துத் தோன்றினும், இதன் முதலெழுத்து அரபியில் வேறு, வேரும் வேறு. ஆயினும் அதன் சட்டம் நம் பொருளுக்குத் துணைசெய்கிறது. நான்கு ரக்அத் தொழுகை இரண்டாகிறது. மஃரிபின் மூன்றும் ஃபஜ்ரின் இரண்டும் சுருங்குவதில்லை. சுருக்கித் தொழும் இரண்டிலும் ருகூவோ ஸுஜூதோ விடப்படுவதில்லை. எதனைச் சுருக்கலாம், எதனைச் சுருக்கலாகாது என்பதற்கு வரையறை உண்டு என்பதை நம் பெரியோர் அன்றாட வழிபாட்டிலேயே கற்றிருக்கிறார்கள்.

சுருக்கியோர் போற்றிய ஒழுக்கம்

இஸ்லாமியக் கல்வி மரபில் முக்தஸர் என்பது தனியொரு நூல்வகையாகவே வளர்ந்தது. ஹனஃபி மத்ஹபைப் பயிலும் மதரஸாக்களில் பாடமாக விளங்கும் குதூரி என்னும் நூல், பக்தாதைச் சேர்ந்த இமாம் குதூரி (இறப்பு 1037) இயற்றிய முக்தஸரே. ஷாஃபிஈ மத்ஹபில், இமாம் ஷாஃபிஈ அவர்களின் மாணவர் முஸனி (இறப்பு 878) தம் ஆசிரியரின் போதனைகளைச் சுருக்கி ஒரு முக்தஸர் செய்தார்.

இவ்வகையில் இமாம் நவவி (1233-1277) அவர்களின் மின்ஹாஜ் என்னும் நூல் தனிச்சிறப்புடையது. இமாம் ராஃபிஈ இயற்றிய முஹர்ரர் என்னும் நூல் பலருக்கு மனனம் செய்ய இயலாத அளவு பெரிதாயிருந்தமையால், அதனை ஏறத்தாழப் பாதியளவாகச் சுருக்குவதாக நவவி முன்னுரையிலேயே தெரிவிக்கிறார். அவ்வாறு சுருக்குங்கால் தாமாகச் சேர்க்கும் கருத்துகளின் தொடக்கத்தில் ‘நான் கூறுகிறேன்’ என்றும், முடிவில் ‘அல்லாஹ்வே நன்கறிந்தவன்’ என்றும் அடையாளமிட்டார். மூலத்தாரின் சொல் எது, சுருக்கியவரின் சொல் எது என்பதில் படிப்பவர்க்கு ஐயம் எழாதவாறு காத்தார். பின்னர் ஸகரிய்யா அல் அன்சாரி (இறப்பு 1520) மின்ஹாஜையும் சுருக்கி மன்ஹஜ் என்னும் நூலாக்கி, அதற்குத் தாமே விரிவுரையும் எழுதினார். விரி தொகையாகி, தொகை மீண்டும் விரியாகும் இம்மரபு, நூற்பாவுக்குக் காண்டிகையும் விருத்தியும் கண்ட நம் தமிழ் உரைமரபோடு ஒத்துச் செல்வதைக் காண்கிறோம்.

ஸஹீஹுல் புகாரியைச் சுருக்கிய ஸபீதி (இறப்பு 1488), திரும்பத் திரும்ப வரும் ஹதீஸ்களையும் அறிவிப்பாளர் தொடர்களையும் நீக்கினார். எவற்றை நீக்கினார் என்பதையும் வெளிப்படையாகச் சொன்னார். இன்று நூற்பெயரும் எண்ணும் இல்லாமல் ஹதீஸ் எனக் கைப்பேசிகளில் உலவும் துண்டுகளை இதனோடு ஒப்பிட்டுப் பார்க்கவேண்டும். ஸபீதி சுருக்கியதற்கு மூலம் இருக்கிறது. உலவும் துண்டுகள் பலவற்றுக்கு மூலமும் தெரியாது, சுருக்கியவரும் தெரியாது.

மூலம் மறையும் இடம்

சுருக்கத்துக்கு ஒரு பேராற்றலும் உண்டு. அதனால் ஒரு பெருங்கேடும் உண்டு. நபிகளாரின் வரலாற்றை 8ஆம் நூற்றாண்டில் இப்னு இஸ்ஹாக் விரிவாகத் தொகுத்தார். அதனை இப்னு ஹிஷாம் சுருக்கித் திருத்தி அமைத்தார். இன்று உலகம் படிப்பது இப்னு ஹிஷாமின் நூலையே. இப்னு இஸ்ஹாக்கின் முழுநூல் அதன் முதல் வடிவில் நமக்குக் கிடைக்கவில்லை. உரோமாபுரி வரலாற்றை 142 பகுதிகளாக எழுதிய லிவியின் நூலில் 35 பகுதிகளே எஞ்சியுள்ளன. மறைந்தவற்றுள் பெரும்பாலானவற்றை நாம் அறிவது பிற்காலத்தார் செய்த சுருக்கங்களாலேயே. சுருக்கம் இல்லையேல் அவ்வளவும் மறைந்திருக்கும். அதேபோழ்து, சிறியது கையில் இருக்கையில் பெரியதைப் படியெடுப்பார் குறைவர் என்பதையும் மறுத்தற்கில்லை.

சுருக்குபவன் தேர்ந்தெடுப்பதே பின்னோர்க்கு வரலாறாகிவிடுவதற்கு நம் திருமலையே சான்று தருகிறது. அங்குள்ள பாறையில் முதலாம் இராசேந்திர சோழனின் 11ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு உள்ளது. ஈழம் முதல் கங்கை வரை அவன் பெற்ற வெற்றிகளை அதன் மெய்க்கீர்த்தி சில வரிகளில் அடுக்குகிறது. பல ஆண்டுப் போர்கள் ஒரு பாறையில் அடங்கின. வென்ற நாடுகளின் பெயர்கள் அதில் உள்ளன. மடிந்த வீரர்களின் பெயர்கள் இல்லை. சுருக்கம் கற்பவன், விடப்பட்டது யாது என்றும் வினவ வேண்டும்.

கற்பார்க்குச் சில நெறிகள்

மேற்கண்டவற்றால் சில நெறிகள் பெறப்படுகின்றன. நல்ல சுருக்கம் மூலத்தின் பெயரைச் சொல்லும், விடுத்ததை மறைக்காது, தன் கருத்தை மூலத்தார் வாயில் இடாது, படிப்பவனை மூலத்துக்கு அழைத்துச் செல்லும். இந்நான்கும் இல்லாதது எத்துணை அழகாக அச்சிடப்பட்டிருப்பினும் குன்றக் கூறலே.

மாணவர் சுருக்கத்தைப் படித்தல் தவறன்று. நம் முன்னோர் மாணாக்கருக்காகவே முக்தஸரும் சின்னூலும் செய்தனர். ஆனால் அவர்கள் அவற்றை வாயிலாக வைத்தனர்; இன்று நாம் வாயிலிலேயே குடியிருக்கிறோம். பிறர் செய்த சுருக்கத்தை மனனம் செய்பவன் மதிப்பெண் பெறலாம். தானே ஒரு நூலைப் படித்துப் பத்து வரியில் சுருக்கி எழுதுபவனோ அந்நூலைத் தனதாக்கிக்கொள்கிறான். எதனை வைப்பது, எதனை விடுவது என அவன் தடுமாறும் அந்நேரமே கல்வி நிகழும் நேரம். அத்தடுமாற்றத்தை வேறொருவரிடமோ ஒரு கருவியிடமோ ஒப்படைத்துவிட்டால் சுருக்கம் கிடைக்கும், கல்வி கிடைக்காது. ஆசிரியர்களும் தேர்வில் கதைச்சுருக்கம் கேட்பதோடு அமையாமல், இச்சுருக்கத்தில் விடுபட்டது யாது என்றொரு வினாவும் கேட்கலாம். மூலத்தைப் படித்தவனே அதற்கு விடையெழுத வல்லவன்.

முடிவுரை

நூல் என்னும் தமிழ்ச்சொல் இழைக்கும் உரியது, ஏட்டுக்கும் உரியது. சொல்லைப் பஞ்சாகவும், புலவனை நூற்கும் மகளாகவும், அறிவைக் கதிராகவும் நன்னூற் பாயிரம் உருவகிக்கிறது. தறியில் ஓரிழை அறுந்தால் கண்டுபிடித்து முடிந்துவிட்டே மேலே நெய்யும் நெசவாளரின் பிள்ளைகள் நம் வகுப்புகளில் பயில்கின்றனர். அக்கவனத்தை ஏட்டு நூலிலும் அவர்கள் காட்டவேண்டும் என்பதே நம் விருப்பம். இவ்வாண்டு ஒவ்வொரு மாணவரும் பாடநூல்களுள் ஒன்றையேனும் முதல் பக்கம் தொடங்கி இறுதிப் பக்கம் வரை படித்து, அதன் சுருக்கத்தைத் தம் கையாலேயே எழுதுவாராக. அதுவே அவர் செய்த முதல் சின்னூலாகும்.